மேசையில் படுப்பதற்கு முன் சொல்லவேண்டிய வார்த்தை

அன்பு மகன் ஆரோக்கியத்துக்கு,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை மத்தியானம் வந்தது. ஓசூரில் மழை இல்லை, கம்பெனியில் உன்னை நிரந்தரம் செய்துவிட்டார்கள், ரூமில் பாலக்கோட்டுப் பையன் ஒருவன் சேர்ந்திருக்கிறான் என்றெல்லாம் ஒரு பக்கம் எழுதிவிட்டு, அடியில் இரண்டே வரியில், குடலிறக்கம் இருக்கிறதாம், பெங்களூரில் சின்ன ஆபரேஷன், மூன்று நாளில் அனுப்பிவிடுவார்கள், யாரும் வரவேண்டாம் என்று முடித்திருந்தாய். அப்போது நான் பால்வாடியில் பிள்ளைகளுக்குச் சோறு போட்டுக்கொண்டிருந்தேன். கரண்டியை ஆயம்மா கையில் கொடுத்துவிட்டுத் தபாலாபீசுக்கு ஓடினேன். ட்ரங்க் கால் போட்டு உன் கம்பெனியில் உன்னைக் கூப்பிட்டுப் பேசிவிடலாம் என்று நினைப்பு. எனக்கு முன்னால் இரண்டு பேர் இருந்தார்கள். அவர்கள் கத்திப் பேசுவதைக் கேட்டுக்கொண்டு நின்றபோதுதான், நான் சொல்ல வந்ததை இப்படிக் கத்திச் சொல்ல முடியாது என்று புரிந்தது. வீட்டுக்கு வந்து எழுத உட்கார்ந்தேன். இன்று இரண்டாவது நாள்.

முதலில் வார்த்தையைச் சொல்லிவிடுகிறேன். பாதியில் நீ கடிதத்தை மடித்து வைத்துவிட்டாலும் அது உன்னிடம் இருக்கட்டும். சூடோகோலினெஸ்டரேஸ். பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பது போல உடைத்துச் சொல்கிறேன்: சூடோ, கோலின், எஸ்டரேஸ். மூன்றையும் சேர்த்துத்தான் சொல்லவேண்டும். முன்னால் இருக்கும் சூடோவை விட்டுவிடாதே, அதற்குக் காரணம் இருக்கிறது. “என் அம்மாவுக்கு இந்தக் குறை இருக்கிறது, எனக்கும் இருக்கலாம்” என்று மயக்க மருந்து கொடுக்கிற டாக்டரிடம் நீ சொல்லாமல் யாரும் உன்னை மேசையில் படுக்கவைக்கக் கூடாது. இது ஏன் என்று சொல்வதற்கு, நான் உன்னிடம் மறைத்த ஒன்றைச் சொல்லியாகவேண்டும்.

உன் சவரி மாமனை உனக்கு நன்றாக நினைவிருக்கும். அவன் போனபோது உனக்குப் பத்து வயது. தொப்பூர் கணவாயில் லாரி கவிழ்ந்து செத்துப்போனான் என்றுதான் உனக்குச் சொன்னோம். லாரி கவிழ்ந்தது உண்மை. ஆனால் அதில் அவனுக்கு உடைந்தது வலது கால் எலும்பு ஒன்று மட்டும்தான். பின்னால் வந்த லாரிக்காரர்கள் தூக்கிப்போய் ஒரு ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். நான் போனபோது கட்டிலில் உட்கார்ந்து டீ குடிக்கலாமா என்று நர்சிடம் வம்பு பண்ணிக்கொண்டிருந்தான். எங்கள் அப்பாவும் அம்மாவும் அப்போதே இல்லை. அவனுக்கு மூத்தவள் நான் ஒருத்திதான். எலும்பை இழுத்து நேராக்கவேண்டும், மயக்கம் கொடுக்கவேண்டும் என்றார்கள். நான் கையெழுத்துப் போட்டேன். உள்ளே போகும்போது, வெளியே வந்ததும் பிரியாணி வேண்டும் என்றான்.

கால்மணி நேரம் என்று சொன்னார்கள். ஒரு மணி நேரம் ஆயிற்று. பிறகு டாக்டர் என்னை உள்ளே கூப்பிட்டார். சவரியின் தொண்டைக்குள் ஒரு குழாய் போயிருந்தது. அதன் முனையில் கறுப்பு ரப்பர் பை. ஒருவர் அதை அமுக்கிக்கொண்டே இருந்தார். அமுக்கினால் மார்பு எழும்பியது, விட்டால் அடங்கியது. காலுக்குக் கட்டுப் போட்டு முடித்திருந்தார்கள். மூச்சு மட்டும் தானாக வரவில்லை. கையைக் கிள்ளினாலும் அசைவு இல்லை. இன்னும் ஒரு மணி நேரம் பார்த்தார்கள். கடைசியில் அந்த டாக்டர் என்னிடம் தயங்கித் தயங்கித்தான் சொன்னார். இதயம் ஓடுகிறது, ஆனால் மூளைக்குச் சேதம் ஆகியிருக்கும் போல, எவ்வளவு நேரம் இப்படி அமுக்குவது என்று எங்களுக்கே தெரியவில்லை, வீட்டில் யாரையாவது கலந்து சொல்லுங்கள் என்றார். கலப்பதற்கு யார் இருந்தார்கள்? உன் அப்பா அப்போதுதான் பஸ் ஏறியிருந்தார். நான் சவரியின் முகத்தைப் பார்த்தேன். அவனுடைய இடது கண் ஓரத்திலிருந்து ஒரு சொட்டுத் தண்ணீர் காதுப் பக்கமாக வழிந்தது. மருந்து வழிகிறது என்று நினைத்து முந்தானையால் துடைத்துவிட்டேன். பிறகு டாக்டரிடம் சொன்னேன்:

“போதும்ங்க. அவன இம்சை பண்ணாதீங்க.”

அவன் காதுக்கு ஒரு முழத் தூரத்தில் நின்றுதான் சொன்னேன் மகனே. பையை எடுத்துவிட்டார்கள். அவன் மணிக்கட்டை நான் பிடித்துக்கொண்டிருந்தேன். சில நிமிடம் நாடி வேகமாக ஓடியது. குதிரை ஓடுகிற மாதிரி ஓடியது. பிறகு நின்றுவிட்டது.

இதற்கப்புறம் ஆறு வருஷம் கழித்து, நீ சேலத்தில் விடுதியில் தங்கி ஐ.டி.ஐ. படித்துக்கொண்டிருந்த சமயம், எனக்குக் குடல்வால் பழுத்துவிட்டது. அம்மாவுக்குச் சின்ன ஆபரேஷன் நடந்தது என்று ஒரு கார்டு உனக்கு வந்திருக்கும். நேற்று வந்த உன் கடிதத்தில் இருந்த அதே வார்த்தைகள்தான். என்னைக் கன்னியர் மடத்து ஆஸ்பத்திரி ஒன்றுக்குக் கொண்டுபோனார்கள். அங்கே டாக்டரும் ஒரு சிஸ்டர்தான், வயதானவர். காலை பூசை முடிந்து வந்து என்னை மேசையில் ஏற்றினார். கையில் ஊசி போட்டார்கள். பூண்டு நாற்றம் போல ஒன்று நாக்கில் வந்தது. அதோடு எல்லாம் போய்விட்டது.

பிறகு எனக்கு விழிப்பு வந்தது. விழிப்பு என்று சொல்கிறேனே தவிர, கண் திறக்கவில்லை. இமையில் பிளாஸ்திரி ஒட்டியிருந்தது தெரிந்தது. வயிற்றில் வெட்டின இடம் எரிந்தது. தொண்டைக்குள் குழாய் இருந்தது, இருமவேண்டும் போல இருந்தது, இருமல் வரவில்லை. கையைத் தூக்கு என்று நினைத்தேன். கை எங்கோ தனியாகக் கிடந்தது. மூச்சு என்னைக் கேட்காமல் உள்ளே வந்தது, என்னைக் கேட்காமல் வெளியே போனது. எனக்கு வேண்டிய நேரத்தில் வரவில்லை, யாரோ கொடுக்கிற நேரத்தில்தான் வந்தது. பக்கத்தில் ரப்பர் பை அமுங்குகிற சத்தம். அந்தச் சத்தத்தை நான் ஆறு வருஷத்துக்கு முன்னால் கேட்டிருந்தேன். அந்த நொடியில் எனக்குத் தெரிந்துவிட்டது, சவரி எங்கே கிடந்தானோ அங்கேதான் நானும் கிடக்கிறேன் என்று.

கத்தினேன். எனக்குள்ளே கத்தினேன். வெளியே, ஜன்னலுக்குப் பக்கத்தில் யாரோ வாளியில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தார்கள். ரோட்டில் பஸ் ஆரன் அடித்தது. நல்ல வெயில் நேரம், உலகம் தன் பாட்டுக்கு நடந்துகொண்டிருந்தது. என்னைத் தள்ளிக்கொண்டுபோய் அடுத்த அறையில் வைத்தார்கள். உன் அப்பாவும் பெரியத்தையும் உள்ளே வந்தார்கள். பெரியத்தை முதலில் அழுதது. பிறகு மெதுவாக, சவரிக்கு ஆன மாதிரியே ஆகிவிட்டது, இந்தக் குடும்பத்தில் ஏதோ இருக்கிறது என்று சொன்னது. பிறகு இன்னும் மெதுவாக, பையன் படிப்பு முடிகிற வரை பொறுத்து, அப்புறம் நீ ஒருத்தியைப் பார்த்துக் கட்டிக்கொள்ளவேண்டும், ஆம்பிளை தனியாக இருக்க முடியாது என்று தன் தம்பியிடம், அதாவது உன் அப்பாவிடம் சொன்னது. நான் அவர்கள் இரண்டு பேருக்கும் நடுவில் படுத்திருந்தேன். அத்தை மேல் கோபப்படாதே. செத்த வீட்டில் எல்லோரும் பேசுகிற பேச்சுத்தான் அது. சாமியாருக்கு ஆள் போயிருந்தது. அவர் வந்து, சாகிறவர்களுக்குக் கொடுக்கும் அவஸ்தை பூசுதலை எனக்குக் கொடுத்தார். நெற்றியில் எண்ணெய் பட்டது, உள்ளங்கையில் பட்டது. இந்த ஆன்மாவை ஏற்றுக்கொள்ளும் என்று எனக்காகச் செபம் சொன்னார்கள். எல்லோரும் ஆமென் சொன்னார்கள். எனக்கு நானே ஆமென் சொல்லக்கூட முடியவில்லை.

பையை அமுக்கிக்கொண்டிருந்தது லூர்து என்ற நர்ஸ். இருபத்திரண்டு வயது இருக்கும். சாமியார் போனபிறகு அந்தப் பெண் குனிந்து என் முகத்தைப் பார்த்தாள் போலிருக்கிறது. பிளாஸ்திரியை உரித்து என் இமையைத் தூக்கினாள். மின்விசிறியும் அவள் முகமும் தெரிந்தன. என்னால் பார்வையைத் திருப்ப முடியவில்லை. விரலை எடுத்ததும் இமை தானாக விழுந்தது. அவள் டாக்டர் சிஸ்டரைக் கூப்பிட்டு, “சிஸ்டர், இவங்க அழுவுறாங்க” என்றாள். நாடியும் எண்பதிலிருந்து நூற்று நாற்பதுக்கு ஏறியிருக்கிறது என்றாள்.

சிஸ்டர் வந்து பார்த்தார். பிறகு உன் அப்பாவிடம், இவங்க சொந்தத்தில் யாருக்காவது மயக்க மருந்து கொடுத்து இப்படி ஆனது உண்டா என்று கேட்டார். அப்பா சவரியின் கதையைச் சொன்னார். எத்தனை மணி நேரம், என்ன செய்தார்கள் என்று சிஸ்டர் ஒவ்வொன்றாகக் கேட்டார். அப்பா சொல்லி முடித்ததும், “அப்படின்னா இது சாவு இல்லீங்க” என்றார்.

அதைக் கேட்ட பிறகும் நான் அப்படியேதான் கிடந்தேன். ஆனால் கிடப்பது வேறு மாதிரி இருந்தது. லூர்து என் காதில் குனிந்து பேச ஆரம்பித்தாள். அக்கா, உங்களுக்குக் கேட்குதுன்னு நெனச்சுச் சொல்றேன், மருந்து ரத்தத்துல கரையாம நிக்குது, தானா கரையும், அதுவரைக்கும் நாங்க விடமாட்டோம் என்றாள். பிறகு மணி என்ன, வெளியே யார் நிற்கிறார்கள், இப்போது ஊசி போடப்போகிறேன், வலியும் தெரியாது, கொஞ்சம் தூக்கமும் வரும் என்று எல்லாவற்றையும் சொல்லிக்கொண்டே இருந்தாள். அவள் கை ஓய்ந்தபோது உன் அப்பா, “நான் அமுக்கட்டுங்களா?” என்று கேட்டார். அவருக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். சாயங்காலம் நாலு மணிக்கு மேல் என் இடது கைச் சுண்டுவிரல் முதலில் அசைந்தது. பிறகு புருவம். இருட்டுவதற்குள் குழாயை எடுத்துவிட்டார்கள்.

மூன்றாம் நாள் சிஸ்டர் என் கட்டிலில் உட்கார்ந்து விளக்கம் சொன்னார். மயக்கம் கொடுக்கும்போது, தொண்டைக்குள் குழாய் போடுவதற்காகத் தசையெல்லாம் தளர ஒரு மருந்து கொடுப்பார்களாம். அது தூங்கவைக்காது, அசையவிடாது, அவ்வளவுதான். எல்லோருடைய ரத்தத்திலும் அந்த மருந்தை வெட்டிப்போடுகிற ஒரு நொதி ஓடுகிறது. அதன் பெயர்தான் சூடோகோலினெஸ்டரேஸ். அது ஐந்து நிமிடத்தில் மருந்தை வெட்டி முடித்துவிடும், ஆள் மூச்சுவிட ஆரம்பித்துவிடுவான். என் ரத்தத்திலும் அந்தக் கத்தி இருக்கிறது, ஆனால் அதற்கு முனை இல்லை என்றார். இந்தக் குறை இருப்பவள் நூறு வயது வரைக்கும் நன்றாக வாழலாம், ஒரு தலைவலிகூட வராது. அந்த ஒரு ஊசி போடும்வரை தனக்கு அது இருப்பதே தெரியாது. அப்போதும் அமுக்க ஒரு கை இருந்தால் சாகமாட்டாள். சிஸ்டர் என் ரத்தத்தை வெளியூருக்கு அனுப்பிச் சோதித்து, ஒரு அட்டையில் இங்கிலீஷில் எழுதிக்கொடுத்தார்.

நான் சிஸ்டரிடம் ஒன்று கேட்டேன். சவரியும் கேட்டுக்கொண்டுதான் இருந்திருப்பானா என்று. அவர் தன் சிலுவையைப் பிடித்துக்கொண்டு, “எனக்குத் தெரியாதும்மா” என்றார். இல்லை என்று அவர் சொல்லவில்லை. அவர் பொய் சொல்லாதவர். ஒரு பொய் சொல்லியிருக்கலாம் என்று இன்றும் நினைக்கிறேன்.

அந்த அட்டையை வீட்டில் உன் சித்தப்பா வாங்கிப் பார்த்தார். சூடோ என்பதற்கு அகராதியில் பார்த்திருக்கிறார், போலி என்று போட்டிருக்கிறது. டாக்டரே போலி நோய் என்று எழுதிக்கொடுத்திருக்கிறார் என்று பேச்சு கிளம்பிவிட்டது. அந்தச் சமயத்தில்தான் நான் புத்தியில்லாமல் ஒன்று செய்தேன். பெரியத்தை பத்தியக் குழம்பு கொண்டுவந்தபோது, “நீங்க பொண்ணு பாக்கச் சொன்னத நான் கேட்டனுங்க அண்ணி” என்று சிரித்துக்கொண்டே சொன்னேன். விளையாட்டாகத்தான் சொன்னேன். அண்ணியின் முகம் வெளுத்துவிட்டது. சாமியார் சொன்ன செபத்தையும், வாசலில் யார் எந்த ஊருக்கு ஆள் அனுப்பினார்கள் என்பதையும்கூடச் சொன்னேன். அன்றிலிருந்து சிலர் நான் செத்த மாதிரி நடித்து ஆழம் பார்த்தேன் என்றார்கள். சிலர் அதைவிட மோசமாக, போனது ஒருத்தி, திரும்பி வந்தது வேறு ஒருத்தி என்றார்கள். தண்ணீர்க் குழாயில் நான் நின்றால் பெண்கள் பேச்சை நிறுத்துவார்கள். நான் அட்டையைத் துணிப்பெட்டிக்கு அடியில் போட்டுவிட்டேன். சிஸ்டர் என்ன சொல்லியிருந்தார் தெரியுமா? இது தாய் பாதி, தகப்பன் பாதி என்று ரத்தத்தில் வருவது. நீங்கள் பிஷப் ஆண்டவரிடம் அனுமதி வாங்கிச் சொந்தத்திலேயே, மாமன் மகனையே கட்டியிருக்கிறீர்கள், அவரிடமும் பாதி இருக்கலாம், ஆகவே பையன் ரத்தத்தைக் கட்டாயம் பார்க்கவேண்டும் என்றார். நான் பார்க்கவில்லை. ஊர் வாய்க்குப் பயந்து உன்னைப் பணயம் வைத்தேன். ஐந்து வருஷம் ஆகிவிட்டது. இதுதான் நான் செய்த இரண்டாவது தப்பு.

போலி என்ற அந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று பின்னால் போய் சிஸ்டரிடமே கேட்டேன். இதே வேலை செய்கிற நொதி ஒன்று நரம்பும் தசையும் சேருகிற இடத்தில் இருக்கிறதாம். அதை முதலில் கண்டுபிடித்தவர்கள் அதுதான் உண்மையானது என்று வைத்துவிட்டார்கள். ரத்தத்தில் ஓடுவது அதைப் போலவே இருந்ததால் இதற்குப் போலி என்று பெயர் வந்துவிட்டது. போலி என்றால் பொய் என்று அர்த்தமில்லை, அதைப்போல இன்னொன்று என்றுதான் அர்த்தம். சூடோவை விடாதே என்று ஏன் சொன்னேன் என்றால், ஒருமுறை காய்ச்சலுக்காக வேறு ஆஸ்பத்திரிக்குப் போனபோது, எனக்குக் கோலினெஸ்டரேஸ் கம்மி என்று மட்டும் சொல்லிவிட்டேன். அந்த இளம் டாக்டர் என்னை உற்றுப் பார்த்தார். உன் அப்பாவை வெளியே நிற்கச் சொன்னார். கதவைச் சாத்திவிட்டு, வீட்டில் யார் கொடுமைப்படுத்துகிறார்கள், என்ன மருந்து குடித்தீர்கள் என்று கேட்டார். பூச்சிமருந்து குடித்தவர்களுக்கும் அது குறையுமாம், நம் பக்கத்தில் வாரம் ஒருவர் அப்படி வருகிறார்களாம். ஒரு சொல்லில் பாதியை விட்டால் கதையே மாறிவிடுகிறது.

போன வருஷம் ஒரு சாவுக்கு நீ வந்திருந்தபோது, நான் பிணத்தின் காதில் குனிந்து பேசியதைப் பார்த்து, எல்லோரும் பார்க்கிறார்கள் அம்மா என்று என் கையைப் பிடித்து இழுத்தாய். இனிமேல் இழுக்காதே. ஒவ்வொரு சாவிலும் நான் அதைச் செய்கிறேன். இப்போது குளிப்பாட்டப் போகிறார்கள், இப்போது பெட்டி வந்துவிட்டது, உன் மகள் மொரப்பூரில் ரயிலைவிட்டு இறங்கிவிட்டாள், வந்துகொண்டிருக்கிறாள் என்று சொல்வேன். டாக்டர் பார்த்து எழுதிக்கொடுத்த பிறகு அவர்களுக்குக் கேட்காது என்று எனக்கும் தெரியும். ஆனால் பெட்டியை மூடும்வரை எனக்கு நிச்சயம் வருவதில்லை. மூடிய பிறகும் வருவதில்லை.

சவரிக்கு நான் என்ன செய்தேன் என்பதை உன் அப்பாவிடம்கூட நான் முழுதாகச் சொன்னதில்லை. டாக்டர் விட்டுவிட்டார் என்றுதான் சொல்லியிருந்தேன். நேற்று உன் கடிதத்தை அவர் கையில் கொடுத்துவிட்டு எல்லாவற்றையும் சொன்னேன், அந்தக் கண்ணீர்த் துளி உட்பட. அவர் எழுந்து மோட்டார் கொட்டகைப் பக்கம் போய்விட்டார். ஒரு மணி நேரம் கழித்து வந்து, நீ அன்னைக்கு எல்லாத்தையும் கேட்டியா என்று கேட்டார். இத்தனை வருஷத்தில் அவர் அதைக் கேட்டதே இல்லை. கேட்டேன் என்றேன்.

“நான் அமுக்கினது தெரிஞ்சிதா?”

“தெரிஞ்சுது. லூர்து ஒரே சீரா அமுக்குவா. நீங்க அவசர அவசரமா அமுக்குனீங்க.”

அவர் தலையை ஆட்டிக்கொண்டார். பிறகு, பெங்களூரில் என் ரத்தத்தையும் எடுத்துப் பார்க்கச் சொல்லலாம் என்றார். அட்டையைத் தேடி எடுத்துத் துடைத்து என் பைக்குள் வைத்தவரும் அவர்தான். காலையில் மாட்டுக்குத் தண்ணீர் காட்டும்போது அந்த வார்த்தையைச் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தார். எஸ்டரேஸில் மட்டும் நாக்குத் தடுக்குகிறது.

இந்த மருந்து இல்லாமலேயே உன் ஆபரேஷனைச் செய்ய முடியும் என்று சிஸ்டர் சொல்லியிருக்கிறார். முதுகில் ஊசி போட்டு மரத்துப்போகச் செய்யலாம், அல்லது வேறு மருந்து கொடுக்கலாம். டாக்டருக்கு முன்கூட்டியே தெரிந்தால் போதும், இது பெரிய விஷயமே இல்லை. ஆகவே பயப்படாதே. உன்னைப் பயமுறுத்த இதை எழுதவில்லை.

ஞாயிற்றுக்கிழமை முதல் பஸ்ஸில் நாங்கள் புறப்படுகிறோம். அதுவரைக்கும் நாள் குறிக்கவிடாதே. ஒருவேளை நாங்கள் வருவதற்குள் ஆஸ்பத்திரியில் இடம் காலியாகி, உன்னைக் கூப்பிட்டு உடுப்பு மாற்றிப் படுக்கச் சொன்னார்கள் என்றால், நீ வார்த்தையைச் சொல்லு. அவர்கள் கேட்டு எழுதிக்கொண்டால் சரி. இதெல்லாம் ஒன்றும் ஆகாது தம்பி என்று சிரித்துவிட்டு ஊசியை எடுத்தார்கள் என்றால் மரியாதை பார்க்காதே, யார் என்ன நினைப்பார்கள் என்று யோசிக்காதே. உன் கால் உன் பேச்சைக் கேட்கிறபோதே எழுந்து வெளியே வந்துவிடு.

உன் அம்மா